சிங்கப்பூரில் இரண்டு மூன்று விளையாட்டுகளுக்கு நடுவராவது எப்படி

பள்ளிக்கூட உள்ளரங்கின் தரையைக் குனிந்து பாருங்கள். கூடைப்பந்துக்கு ஒரு நிறம், வலைப்பந்துக்கு (நெட்பால்) ஒரு நிறம், பூப்பந்துக்கு (பேட்மிண்டன்) ஒன்று, கைப்பந்துக்கு (வாலிபால்) ஒன்று என்று கோடுகள் ஒன்றின் மேல் ஒன்றாகப் பின்னிக் கிடக்கும். கூடைப்பந்தில் பந்தை வைத்திருப்பவரின் கால் எல்லைக்கோட்டைத் தொட்டாலே பந்து வெளியே. வலைப்பந்தில் கோடும் ஆடுகளத்தைச் சேர்ந்தது, கோட்டை மிதித்தபடி பந்தைப் பிடித்தவர் உள்ளேதான் இருக்கிறார். பூப்பந்திலும் கைப்பந்திலும் கோட்டில் விழுந்தது உள்ளே. காற்பந்திலோ பந்து முழுவதுமாகக் கோட்டைத் தாண்ட வேண்டும், தரையில் தாண்டினாலும் ஆகாயத்தில் தாண்டினாலும் சரி.

காலையில் வலைப்பந்து, மாலையில் கூடைப்பந்து என்று ஒரே தரையில் நிற்கும் நடுவருக்கு இந்த ஒரு வேறுபாடே போதும், ஆட்டம் கையைவிட்டுப் போக. சட்டம் தெரியாமல் செய்யும் தவறுகள் முதல் வருடத்தோடு குறைந்துவிடும். ஒரு ஆட்டத்தின் பழக்கம் இன்னொரு ஆட்டத்துக்குள் நுழைந்து செய்யும் தவறுகள் பத்து வருட அனுபவசாலியையும் விடாது. பல விளையாட்டு நடுவருக்கு உண்டான தனிச் சிக்கல் அதுதான்.

எதில் தொடங்குவது

எல்லா விளையாட்டுக்கும் பொதுவான நடுவர் சான்றிதழ் என்று ஒன்று கிடையாது. காற்பந்துக்கு சிங்கப்பூர்க் காற்பந்துச் சங்கம், பூப்பந்துக்குப் பூப்பந்துச் சங்கம் என்று ஒவ்வொரு தேசிய விளையாட்டுச் சங்கமும் தன் பயிற்சியைத் தானே நடத்தும், தேர்வையும் தானே வைக்கும். எழுத்துத் தேர்வு, ஓட்டம் தேவைப்படும் ஆட்டங்களில் உடல்தகுதிச் சோதனை, பிறகு மூத்தவர் ஒருவர் பார்க்க நேரடியாகச் சில ஆட்டங்கள். பெரும்பாலும் இந்த மூன்றும் இருக்கும்.

நீங்கள் ஆடிய விளையாட்டிலேயே தொடங்குங்கள். ஆடியவருக்கு அடுத்து என்ன நடக்கப் போகிறது என்பது அரை விநாடி முன்னதாகத் தெரியும், அந்த அரை விநாடியைப் புத்தகம் தராது. முழுதாக இரண்டு பருவங்கள் அதிலேயே இருங்கள். கை தானாக உயரும், கால் தானாக நகரும் என்ற நிலை வந்த பிறகு இரண்டாவதைச் சேர்க்கலாம்.

இரண்டாவதாக நெருங்கிய உறவுள்ள ஆட்டத்தைப் பிடிப்பது சுலபம் என்று பலர் நினைக்கிறார்கள். எங்கள் கணிப்பு நேர்மாறானது. காற்பந்து நடுவர் ஃபுட்சாலுக்கு, அதாவது அணிக்கு ஐவர் ஆடும் உள்ளரங்கக் காற்பந்துக்கு, போனால் பந்து ஒன்றுதானே என்று தோன்றும். ஃபுட்சாலில் கடிகாரம் நின்று நின்று ஓடும், பந்தை உள்ளே அனுப்ப 4 விநாடிதான், ஒரு பாதியில் ஓர் அணியின் ஆறாவது தவற்றிலிருந்து தடுப்புச் சுவர் இல்லாத நேரடி உதை. காற்பந்து மூளை இந்த எண்ணிக்கையை மறந்தே போகும். அதைவிட, காற்பந்தோடு பூப்பந்து என்ற சேர்க்கை பாதுகாப்பானது. ஒன்றில் நாற்காலியில் உட்கார்ந்திருப்பீர்கள், மற்றதில் 10 முதல் 12 கிலோமீட்டர் வரை ஓடுவீர்கள். குழம்புவதற்கு இடமே இல்லை.

பெயர்களிலும் கவனம் வேண்டும். தமிழில் எல்லாரையும் நடுவர் என்று சொல்லிவிடுகிறோம். பூப்பந்தில் நாற்காலியில் உட்கார்ந்து ஆட்டத்தை நடத்துபவர் அம்பயர், ரெஃப்ரி என்பவர் போட்டித்தொடர் முழுவதற்கும் பொறுப்பாளர். கறுப்பு அட்டை காட்டி ஒருவரைப் போட்டியிலிருந்து நீக்கும் அதிகாரம் ரெஃப்ரிக்கு மட்டுமே. கைப்பந்தில் முதல் நடுவர் வலை ஓரத்தில் மேடையில், இரண்டாம் நடுவர் எதிர்ப்பக்கம் தரையில். உள்ளரங்கில் மட்டையால் பந்தடிக்கும் ஃபுளோர்பாலில் நடுவர் இருவருக்கும் சம அதிகாரம். பணி ஒதுக்கீட்டுச் செய்தியில் எந்தப் பொறுப்பு என்பதைப் படித்துவிட்டுச் சம்மதம் சொல்லுங்கள்.

பை

விசில் இரண்டு, இரண்டும் உள்ளே உருண்டை இல்லாத வகை. கனடாவின் கூடைப்பந்து நடுவர் ரான் ஃபாக்ஸ்கிராஃப்டுக்கு ஒரு முக்கியமான ஆட்டத்தில் விசிலுக்குள் இருந்த உருண்டை சிக்கிச் சத்தமே வரவில்லை. அதன் பிறகு அவர் உருவாக்கியதுதான் ஃபாக்ஸ் 40. இந்த ஊர் மழையிலும் வியர்வையிலும் உருண்டை விசில் நம்பத் தகுந்ததல்ல. கைக்கடிகாரம் இரண்டு: ஒன்று நிற்காமல் ஓட, மற்றது நிறுத்தி நிறுத்தி ஓட்ட. அட்டைகள், நாணயம், பந்தின் காற்றழுத்தம் பார்க்கும் கருவி, 5 மீட்டர் அளவு நாடா, மாற்றுச் சட்டை, மாற்றுக் காலுறை. எழுதப் பேனா வேண்டாம், பென்சில் கொண்டு போங்கள். ஈரத் தாளில் பேனா மை பரவி 3ஆம் எண்ணா 8ஆம் எண்ணா என்று தெரியாமல் போய்விடும். சிவப்பு அட்டையும் மஞ்சள் அட்டையும் ஒரே பையில் இருக்கக் கூடாது. பதற்றத்தில் தவறான அட்டை வெளியே வந்தால் அரங்கமே பார்க்கும். மஞ்சள் நெஞ்சுப் பையில், சிவப்பு பின்பையில் என்று பழகுங்கள், ஒருபோதும் மாற்றாதீர்கள்.

ஆட்டத்துக்கு முந்தைய ஒரு மணி நேரம்

காற்பந்துத் திடலுக்கு 60 நிமிடம் முன்பே போய்விடுங்கள். முதலில் கோல் கம்பங்கள் தரையில் உறுதியாக நிற்கின்றனவா என்று அசைத்துப் பாருங்கள், கவிழ்ந்த கம்பம் குழந்தையின் உயிரையே எடுக்கும். வலையில் ஓட்டை, முனைக் கொடிக்கம்பம் 1.5 மீட்டருக்குக் குறையாத உயரம், பெனால்டி புள்ளி கோட்டிலிருந்து 11 மீட்டர். பந்தின் காற்றழுத்தம் 0.6 முதல் 1.1 வளிமண்டல அழுத்தம் வரை. வெயிலில் ஒரு மணி நேரம் கிடந்த பந்து இறுகிவிடும், எனவே ஆட்டம் தொடங்கும் முன் மறுபடி பாருங்கள்.

ஆட்டக்காரர்களைச் சோதிக்கும்போது நகைதான் தகராறு. காப்பு, கயிறு, தாலிச் சங்கிலி, தோடு எதுவானாலும் கழற்ற வேண்டும். மேலே டேப் ஒட்டிக்கொள்கிறேன் என்பதைக் காற்பந்துச் சட்டம் ஏற்பதில்லை. கோயில் கயிறு கட்டியவரிடம் இதைக் கடுமையாகச் சொல்லாமல், எல்லார் முன்னிலையிலும் சொல்லாமல், ஒதுக்கமாக நின்று சொல்லுங்கள். விதி மாறாது, சொல்லும் விதம் மாறலாம்.

பூப்பந்தில் வேலை வேறு. வலை நடுவில் 1.524 மீட்டர், கம்பங்களில் 1.55. அளவுகோல் வைத்துப் பாருங்கள், கண்ணளவை நம்பாதீர்கள். பிறகு இறகுப்பந்தின் வேகம். 16 இறகுகளும் முழுதாக இருக்கும் ஒரு புதுப் பந்தை எடுத்து, பின்கோட்டுக்கு நேர் மேலே பந்தைத் தொடும்படி, கீழிருந்து முழு வீச்சில் மேல்நோக்கி, பக்கக்கோட்டுக்கு இணையாக அடிக்கச் செய்யுங்கள். எதிர்ப்பக்கப் பின்கோட்டுக்கு 53 முதல் 99 சென்டிமீட்டர் உள்ளே விழுந்தால் வேகம் சரி. அந்த இடைவெளியைக் காட்டப் பல ஆடுகளங்களில் பக்கக்கோட்டை ஒட்டிச் சின்னக் குறிகள் இருக்கும். குளிரூட்டிய அரங்கில் சரியாக விழுந்த பந்து, சமூக மன்றத்தின் குளிரூட்டாத அரங்கில் கோட்டைத் தாண்டலாம். வெப்பமான காற்று அடர்த்தி குறைந்தது, தடுப்புக் குறைவு. அதனால் அன்றைய அரங்கிலேயே சோதியுங்கள், ஒரு பந்தோடு நிறுத்தாமல் இரண்டு மூன்றைச் சோதியுங்கள். இறகு நுனியை வளைத்து வேகத்தைக் குறைக்க ஆட்டக்காரர்கள் முயல்வார்கள், அம்பயர் அனுமதியில்லாமல் அதைச் செய்யக் கூடாது.

கை சொல்வது என்ன

இங்கேதான் பழக்கங்கள் மோதுகின்றன. காற்பந்தில் கையை நேராக மேலே தூக்கி நின்றால் மறைமுக உதை (நேரடியாக கோல் போட முடியாத உதை) என்று பொருள், இன்னொருவர் மேல் பந்து படும்வரை கை இறங்கக் கூடாது. கூடைப்பந்தில் மூடிய முட்டியைத் தூக்கினால் ஆள்மேல் செய்த தவறு, விரித்த உள்ளங்கையைத் தூக்கினால் விதிமீறல், இரண்டிலும் கடிகாரம் நிற்கும். கூடைப்பந்திலிருந்து காற்பந்துக்கு வருபவர் ஒவ்வொரு தவற்றுக்கும் கையை உயர்த்திவிடுவார். உதைப்பவர் நேராக கோலுக்குள் அடித்த பிறகு, மறைமுக உதை என்றுதானே காட்டினீர்கள் என்று எதிரணி சூழ்ந்துகொள்ளும். காற்பந்திலிருந்து கூடைப்பந்துக்குப் போகிறவர் விசிலை ஊதிவிட்டுக் கையைத் தொங்கவிடுவார். மேசையில் இருப்பவர் கடிகாரத்தை நிறுத்தத் தயங்குவார், கூடையை நோக்கி எறிய அணிக்கு உள்ள 24 விநாடிக் கணக்கில் தகராறு வரும்.

விசிலும் அப்படித்தான். கைப்பந்தில் ஒவ்வொரு சர்வுக்கும் விசில் வேண்டும், அதிலிருந்து 8 விநாடிக்குள் அடித்தாக வேண்டும். காற்பந்தில் எல்லா மறுதொடக்கத்துக்கும் ஊதிக்கொண்டே இருந்தால், உண்மையாகத் தேவைப்படும் விசிலை யாரும் மதிக்க மாட்டார்கள். பூப்பந்தில் விசிலே இல்லை, குரல்தான். 'ஃபால்ட்', 'லெட்', 'சர்வீஸ் ஓவர்' ஆகியவற்றை வயிற்றிலிருந்து சொல்லிப் பழகுங்கள்.

இதற்கு மருந்து ஒரு சின்ன அட்டை. நீங்கள் நடுவராக இருக்கும் ஒவ்வொரு ஆட்டத்துக்கும் ஒன்று, ஒரு பக்கத்துக்கு மேல் போகக் கூடாது. சட்டச் சுருக்கம் எழுத வேண்டாம். உங்கள் மற்ற ஆட்டத்தோடு முரண்படும் இடங்களை மட்டும் எழுதுங்கள்: கோடு உள்ளேயா வெளியேயா, கை என்ன சொல்கிறது, கடிகாரம் ஓடுமா நிற்குமா, சாதகம் கொடுக்கலாமா (தவற்றைக் கண்டும் ஆட்டத்தை ஓடவிடலாமா), இரண்டு ஆட்டக்காரர்களுக்கு இடையே தூரம் எவ்வளவு. வலைப்பந்தில் பந்தை வைத்திருப்பவரைத் தடுப்பவர் 0.9 மீட்டர் தள்ளி நிற்க வேண்டும், பந்தை 3 விநாடிக்கு மேல் வைத்திருக்கவும் முடியாது. கூடைப்பந்துக் கண் அந்த 0.9 மீட்டரைப் பார்க்கவே பார்க்காது. எம்ஆர்டியில் போகும்போது அட்டையை இரண்டு தடவை படித்துவிட்டு இறங்குங்கள். ஒரே நாளில் இரண்டு விளையாட்டு என்றால் இடையில் குறைந்தது இரண்டு மணி நேரம் விடுங்கள்.

எங்கே நிற்பது

தவறான முடிவுகளில் பெரும்பாலானவை தவறான இடத்திலிருந்து பார்த்தவை. காற்பந்தில் பந்துக்கு 15 முதல் 20 மீட்டர் தூரத்தில், துணை நடுவரும் நீங்களும் ஆட்டத்தை இருபக்கமும் அணைத்தாற்போல, குறுக்குவாட்டில் நகருங்கள். பந்தைப் பார்க்காமல் இரு உடல்களுக்கும் நடுவே உள்ள வெளிச்சத்தைப் பாருங்கள். இடைவெளி தெரிகிற கோணத்தில்தான் தள்ளியதா, தானாக விழுந்ததா என்பது புரியும். நேர் பின்னால் நின்றால் இரண்டு முதுகுகள்தான் தெரியும்.

இரு நடுவர் கூடைப்பந்தில் ஒருவர் கூடைக்குக் கீழே பின்கோட்டில், மற்றவர் ஆட்டத்துக்குப் பின்னால். இருவரும் பந்தையே பார்ப்பதுதான் புதியவர்களின் நோய், பந்தில்லாத பக்கம் முழங்கை பறக்கும். வலைப்பந்தில் ஒவ்வொருவருக்கும் பாதி ஆடுகளமும் ஒரு பக்கக்கோடும். கைப்பந்து முதல் நடுவரின் கண் வலைக்கு மேலே சுமார் 50 சென்டிமீட்டர் இருக்கும்படி மேடையைச் சரிசெய்ய வேண்டும், குட்டையானவர் நாற்காலி போட்டு நின்றால் வலையைத் தொட்ட விரலைத் தவறவிடுவார்.

பூப்பந்து இரட்டையரில் அம்பயரைக் கவிழ்ப்பது சர்வ் வரிசை. இரண்டு விதி மனத்தில் இருந்தால் போதும். சர்வ் செய்யும் அணியின் புள்ளி இரட்டைப்படை என்றால் வலப்பக்கம் நிற்பவர் அடிப்பார், ஒற்றைப்படை என்றால் இடப்பக்கம் நிற்பவர். தாங்கள் சர்வ் செய்து புள்ளி பெற்றால் மட்டுமே அந்த அணியினர் இடம் மாறுவார்கள், வேறு எப்போதும் இல்லை. அடிக்கும் கணத்தில் பந்து முழுவதும் தரையிலிருந்து 1.15 மீட்டருக்குக் கீழே இருக்க வேண்டும் என்பதைச் சர்வ் நடுவர் பார்த்துக்கொள்வார்.

மின்னல், வெயில்

இந்த ஊரில் பிற்பகல் ஆட்டம் என்றாலே வானத்தையும் பார்க்க வேண்டும். மின்னல் எச்சரிக்கை ஒலித்தாலோ விளக்கு எரிந்தாலோ உடனே ஊதி எல்லாரையும் கூரைக்குக் கீழே அனுப்புங்கள். அணித்தலைவர்களிடம் கருத்துக் கேட்கும் விஷயம் இது இல்லை. இன்னும் ஐந்து நிமிடம்தானே சார் என்பார்கள், இசைந்துவிடாதீர்கள். மரத்தடியும் கூடாரமும் கூரை ஆகாது. திடலுக்கு வேறு ஏற்பாடு இல்லாவிட்டால், கடைசி இடி கேட்டு 30 நிமிடம் கழித்தே திரும்பலாம். நிறுத்தியதும் செய்ய வேண்டியது: நிமிடம், கோல் கணக்கு, பந்து இருந்த இடம், கடைசியாகத் தொட்ட அணி. நான்கையும் ஓடிக்கொண்டே எழுதுங்கள், கூரைக்குப் போனதும் யாரும் உண்மையைச் சொல்ல மாட்டார்கள்.

வெப்பத்துக்கு மைஈஎன்வி என்ற வானிலைச் செயலியில் ஈரக்குமிழ் அளவை (வெப்பமும் ஈரப்பதமும் சேர்ந்த கணக்கு) பாருங்கள். 31 டிகிரிக்குக் கீழே குறைந்த அபாயம், 33 தொட்டால் அதிக அபாயம். காற்பந்தில் தண்ணீர் இடைவேளை ஒரு நிமிடத்துக்கு மேல் போகாது, உடல் குளிர்வதற்கான இடைவேளை 90 விநாடி முதல் 3 நிமிடம் வரை. இரண்டும் வேறு. எது, எப்போது என்பதை ஆட்டத்துக்கு முன்பே இரு அணிக்கும் சொல்லிவிடுங்கள்.

பேச்சு

ஞாயிற்றுக்கிழமை ஊழியர் அணிகளின் ஆட்டத்தில் ஒரு பக்கம் முழுவதும் தமிழ், மறுபக்கம் வங்காளமோ மலாயோ என்று அமையும். அண்ணே, நம்ம ஆளு என்று தோளில் கை போட வருவார்கள். தமிழில் ஒரு வரி சிரித்துப் பேசினால் போதும், எதிரணியின் கண்ணில் உங்கள் அடுத்த பத்து முடிவுகளும் சந்தேகத்துக்கு உரியவை ஆகிவிடும். திடலுக்குள் இரு பக்கமும் ஒரே மொழி, எளிய ஆங்கிலம். தம்பி, பிரதர் வேண்டாம், எண்ணைச் சொல்லிக் கூப்பிடுங்கள். அதே சமயம் தமிழ் தெரிந்த காது ஒரு கருவி. எதிராளியின் தாயைப் பற்றி முணுமுணுத்தது மற்ற நடுவருக்குப் புரியாது, உங்களுக்குப் புரியும். புரிந்ததைப் புரியாததுபோல் விடாதீர்கள்.

பள்ளி ஆட்டங்களில் பிள்ளைகளைத் தொட்டுப் பேசாதீர்கள், தனியே அழைத்துப் பேசாதீர்கள். சொந்தப் பிள்ளை படிக்கும் பள்ளியின் ஆட்டம் வந்தால் ஒதுக்கீட்டாளரிடம் முன்கூட்டியே சொல்லி மாற்றிக்கொள்ளுங்கள்.

அறிக்கை

ஒழுங்கு நடவடிக்கைக் குழு ஆட்டத்தைப் பார்க்கவில்லை, உங்கள் தாளைத்தான் பார்க்கிறது. '7ஆம் எண் மிகவும் மோசமாக நடந்துகொண்டார்' என்று எழுதினால் அவருக்கு எதிராக எதுவும் நிற்காது. இப்படி எழுதுங்கள்: '63ஆவது நிமிடம். நீல அணி 7ஆம் எண், சிவப்பு அணி 4ஆம் எண்ணின் வலது கணுக்காலுக்கு மேல் காலணி அடிப்பாகம் பட மிதித்தார். பந்து அப்போது இரண்டு மீட்டர் தள்ளிப் போய்விட்டிருந்தது. நான் எட்டு மீட்டர் தூரத்தில் இருந்தேன், இடையில் யாரும் இல்லை. சிவப்பு அட்டை காட்டினேன்.' வசைச் சொல் எந்த மொழியில் வந்ததோ அந்த மொழியிலேயே, நாகரிகம் பார்க்காமல் அப்படியே எழுதி, பக்கத்தில் பொருளைச் சொல்லுங்கள். அன்றிரவே எழுதிவிடுங்கள். மறுநாள் ஆனால் பார்த்தது எது, பிறர் சொன்னது எது என்று பிரிக்க முடியாது.

உடம்பு

ஃபிஃபாவின் இடைவேளை ஓட்டச் சோதனையைக் குறியாக வையுங்கள்: 75 மீட்டர் ஓட்டம், 25 மீட்டர் நடை, 40 தடவை. 400 மீட்டர் ஓடுபாதையில் சரியாக 10 சுற்று. அதற்கு முன் 40 மீட்டர் வேக ஓட்டம் ஆறு. அருகிலுள்ள விளையாட்டரங்கின் ஓடுபாதையில் 75க்கும் 100க்கும் கூம்பு வைத்து, முதல் வாரம் நான்கு சுற்று, பிறகு வாரத்துக்கு ஒன்று கூட்டுங்கள். ஓட்டம் 15 விநாடி. நடையில் நிற்காதீர்கள், நடையின் வேகத்தில்தான் பலர் தோற்கிறார்கள். வாரத்தில் ஒரு நாள் பக்கவாட்டு ஓட்டம், பின்னோக்கிய ஓட்டம். நேராக ஓடி மட்டுமே பழகியவருக்குத் தொடையின் உட்தசை முதலில் கிழியும்.

எவ்வளவு தூரம் போகலாம்

இங்கிருந்து உலகக் கிண்ணம்வரை போயிருக்கிறார்கள். கோவிந்தசாமி சுப்பையா 1974 உலகக் கிண்ணத்தில் போலந்து 7-0 என்று ஹைட்டியை வென்ற ஆட்டத்தின் நடுவர். ஷம்சுல் மைதீன் 2006 ஜெர்மனியில் மூன்று ஆட்டங்களுக்கு நின்றார். ஃபிஃபா பட்டியலில் சேர நடுவருக்குக் குறைந்தது 25 வயது, துணை நடுவருக்கு 23. பல விளையாட்டு வைத்திருப்பவர் ஒரு கட்டத்தில் ஒன்றைத் தேர்ந்தே ஆக வேண்டும், உச்ச நிலைக்கு ஒரு விளையாட்டுதான் போகும். மற்றவற்றை மாவட்ட, பள்ளி அளவில் வைத்துக்கொள்வது வெட்கப்பட வேண்டிய விஷயம் இல்லை. அங்கேதான் ஆள் பற்றாக்குறை.

பெரும்பாலோருக்கு இது பகுதிநேர வேலை, ஆட்டத்துக்கு இவ்வளவு என்று படித்தொகை. வேலை அனுமதிச் சீட்டில் இருப்பவர்கள் தங்கள் முதலாளியைத் தவிர வேறிடத்தில் சம்பளத்துக்கு வேலை செய்யக் கூடாது, ஆகவே படித்தொகை வாங்கும் முன் மனிதவள அமைச்சிடம் கேட்டுத் தெளிவுபடுத்திக்கொள்ளுங்கள்.

பணம் வேறு வழியிலும் தேடி வரும். 2013இல் ஆசியக் காற்பந்துக் கூட்டமைப்பின் ஏஎஃப்சி கிண்ண ஆட்டத்துக்காக இங்கே வந்த மூன்று வெளிநாட்டு ஆட்ட அதிகாரிகள், பணமாக அல்லாத லஞ்சத்தை ஏற்றதற்காக சிங்கப்பூர்ச் சிறைக்குப் போனார்கள். ஊழல் தடுப்புச் சட்டப்படி 100,000 வெள்ளிவரை அபராதம், ஐந்தாண்டுவரை சிறை. முதல் அணுகல் ஒரு காப்பி, ஒரு டிக்கெட், ஒரு நட்புக் கோரிக்கை என்றுதான் வரும். யார், எப்போது, என்ன சொன்னார் என்று குறித்து வைத்துச் சங்கத்துக்கும் லஞ்ச ஊழல் புலனாய்வுப் பிரிவுக்கும் சொல்லுங்கள். எந்த ஆட்டத்திலும் பந்தயம் கட்டாதீர்கள், சட்டபூர்வமான கடையிலும்கூட.

முழங்கால் ஒத்துழைக்காத வயதில் மதிப்பீட்டாளராகலாம், மேசை அதிகாரியாகலாம். புதியவரை மதிப்பிடும்போது இடைவேளையில் ஒரே ஒரு விஷயம் மட்டும் சொல்லுங்கள், அதுவும் அவர் நின்ற இடத்தைப் பற்றி. மீதி எட்டுக் குறிப்புகளும் தாளில் இருக்கட்டும். ஆட்டம் முடிந்து அவர் தண்ணீர் குடித்த பிறகு பேசலாம்.